ஏட்டுச் சுரைக்காய்

பினாங்கு உயர் நீதிமன்ற வராந்தாவில் ஒரு தாயிடம் நான் தப்பாகச் சொன்ன ஒரு சொல்லிலிருந்து தொடங்குகிறேன். அகாடமிக். நீதிபதி மலாயில் சொன்னது ஒரே வரி: "பெர்மோஹோனான் இனி தெலா மெஞ்ஜாடி அகாடமிக்." இந்த மனு அகாடமிக் ஆகிவிட்டது, ஆகவே தள்ளுபடி. நாலைந்து நிமிடத்தில் எல்லாம் முடிந்து அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள். வெளியே வந்ததும் அந்தத் தாய், நான் அக்கா என்று கூப்பிடுபவர், என் கையைப் பிடித்துக்கொண்டு, "என்னம்மா சொன்னாரு?" என்றார். அவருடைய வக்கீலான என் பாஸ் இன்னும் உள்ளே இருந்தார். நான் யோசிக்காமல், "கல்வி சம்பந்தப்பட்டதுன்னு சொல்றாங்கக்கா" என்று வாயை விட்டுவிட்டேன்.

"அவன்தான் எஸ்.பி.எம். முடிச்சிட்டானே. படிப்புக்கும் இதுக்கும் என்னம்மா?"

அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. ஜோர்ஜ்டவுனில் வக்கீல் ஆபீஸ் கிராணியாக, அதாவது எழுத்தராக, அப்போதே எனக்குப் பத்து வருட அனுபவம். அந்தச் சொல் எத்தனையோ தீர்ப்புகளில் கண்ணில் பட்டிருக்கிறது. ஃபைலில் எழுதியும் இருக்கிறேன். ஆனால் தமிழில், அதுவும் பாதிக்கப்பட்ட ஒருவரின் முகத்தைப் பார்த்து, அதைச் சொல்ல வேண்டிய நிலை அதுவரை வந்ததில்லை. தீர்த்துச் சொன்னாலும் இனி யாருக்கும் பயன்படாத கேள்வி என்பதுதான் நீதிமன்றத்தில் அதன் பொருள். நம் மொழியில் அதற்கு நெருக்கமாக ஒன்று இருக்கிறது, ஏட்டுச் சுரைக்காய். ஏட்டில் எழுதியிருக்கும், கறிக்கு உதவாது. அன்றைக்கு அது எனக்குத் தோன்றவில்லை. தோன்றியிருந்தாலும் அந்தத் தாயிடம் அதைச் சொல்லியிருக்க மாட்டேன்.

நடந்ததைச் சொல்கிறேன். அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை விட்டுவிடுகிறேன்.

அக்கா தீவுக்கு எதிர்க்கரையில், பிறை என்ற ஊரில் இருப்பவர். மகனுக்கு அப்போது இருபத்திரண்டு வயது, ஒரு தொழிற்சாலையில் ஷிஃப்டு வேலை. ஒருநாள் இரவு நண்பர்களோடு சாப்பிட்டுக்கொண்டிருந்த இடத்தில் நாலு பேரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். மறுநாள் பாலாய்க்கு, அதாவது போலீஸ் நிலையத்துக்கு, ஓடியபோதுதான் போக்கா என்று தெரிந்தது. நம் வீடுகளில் இந்தப் பெயரை விளக்க வேண்டியதில்லை. 1959-ஆம் ஆண்டின் குற்றத் தடுப்புச் சட்டம். கேள்விப்படாதவர்களுக்காகச் சொல்கிறேன்: இதில் முதலில் 21 நாள், பிறகு 38 நாள் என்று லோக்காப்பில் வைத்திருக்கலாம். குற்றம் சாட்ட வேண்டியதில்லை. மாஜிஸ்திரேட் முன்னால் கொண்டுபோகத்தான் செய்வார்கள். ஆனால் சரியான அதிகாரி கையெழுத்திட்ட அறிக்கை கையில் இருந்தால் அவர் தடுத்துவைக்க உத்தரவிட வேண்டும் என்றுதான் சட்டத்தின் வாசகம் இருக்கிறது. அதற்கப்புறம் ஒரு வாரியம் முடிவெடுக்கும். இரண்டு வருடம் வரை தடுப்புக் காவலில் வைக்கலாம், அல்லது புவாங் டாயிரா என்று ஊரைவிட்டு அனுப்பலாம்.

அக்கா எங்கள் ஆபீஸுக்கு வந்தது 24-ஆம் நாள். அதுவரை யார் யாரையோ பார்த்திருக்கிறார், கோயிலுக்குப் போயிருக்கிறார், தெரிந்த அரசியல்வாதி வீட்டு வாசலில் நின்றிருக்கிறார். பாஸ் முதலில் கேட்டது, "எத்தனாவது நாள்?" என்பதுதான். அக்கா விரல்விட்டு எண்ணினார். அந்த மேசையில் உட்கார்ந்த காலத்தில் நான் கற்றுக்கொண்ட பெரிய பாடம் அது. இந்த மாதிரி வழக்கில் நாளை எண்ணத் தெரிந்திருக்க வேண்டும்.

ஆட்கொணர்வு மனு தயாரானது. அஃபிடவிட்டை வாக்கியம் வாக்கியமாக அக்காவுக்குத் தமிழில் படித்துக் காட்டி, சத்தியப் பிரமாணம் எடுக்கக் கூட்டிப்போனது நான்தான். அவர் ஒரே ஒரு இடத்தில் நிறுத்தச் சொன்னார். 'என் மகன் சட்டவிரோதமாகத் தடுத்துவைக்கப்பட்டிருக்கிறான் என்று நம்புகிறேன்' என்ற வரி. "இதத்தான் கோர்ட்டு சொல்லணும்மா, இல்ல? சட்டவிரோதமா இல்லையான்னு?" ஆமாம் என்றேன். "அப்ப சரி," என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

எதிர்த் தரப்பு பதில் அஃபிடவிட் போட அவகாசம் கேட்டது. கேட்பது வழக்கம்தான், கொடுப்பதும் வழக்கம்தான். விசாரணைத் தேதி 55-ஆம் நாளில் விழுந்தது. 53-ஆம் நாள் மாலை மகன் வீட்டுக்கு வந்துவிட்டான். குற்றச்சாட்டு இல்லை, உத்தரவு இல்லை, காரணம் சொல்லவும் இல்லை. அக்கா எனக்கு ஃபோன் செய்து அழுதார், சிரித்தார். நானும் அழுதேன். அன்றைக்கு எங்கள் யாருக்கும் வழக்கைப் பற்றி நினைப்பே வரவில்லை. பிள்ளை வந்துவிட்டான், அது போதும் என்றிருந்தது.

55-ஆம் நாள் காலை ஃபெரியில் வந்து இறங்கினார் அக்கா. மகன் வரவில்லை. "பரவால்ல, நான் கேட்டுட்டு வரேன்னு சொன்னேன்," என்றார். எதைக் கேட்க வந்திருக்கிறார் என்பது எனக்கு அப்போது முழுதாக உறைக்கவில்லை. அப்புறம்தான் அந்த நாலைந்து நிமிடம்.

நீதிபதி மேல் எனக்குக் கோபம் இல்லை. அவர் கடுமையாகப் பேசவில்லை. மனுதாரர் விடுதலையானது நல்லது என்று சொல்லித்தான் ஆரம்பித்தார். ஆட்கொணர்வு மனு என்பது ஆளைக் கொண்டுவா என்று கேட்பது. ஆள் வீட்டில் இருக்கிறான். இனி நீதிமன்றம் என்ன உத்தரவு போடும்? பாஸ் எழுந்து, காவல் சட்டப்படி இருந்ததா என்று மட்டுமாவது சொல்லுங்கள் என்று கேட்டுப் பார்த்தார். இந்த மனுவுக்கு அந்த இடம் இல்லை என்று பதில் வந்தது.

நீதிமன்றத்துக்கு முன்னால் லோகன் நினைவுச்சின்னம் நிற்கிறதல்லவா, அந்தப் பக்கமாக நிழலில் நின்றோம். ஐரோப்பியர் அல்லாதவர்களுக்காக வாதாடிய வக்கீல் என்பதற்காக, 1869-இல் அவர் இறந்த பிறகு ஊர் எழுப்பிய சின்னம் அது. இந்தத் தீவுக்கு நீதிமன்றம் வந்தது அதற்கும் முன்னால், 1807-இல் கிடைத்த அரச சாசனத்தின் மூலம். மலாயா மண்ணில் அப்படி நிறுவப்பட்ட முதல் நீதிமன்றம் இதுதான். இருநூறு வருடத்துக்கு மேலாக மக்கள் இங்கே வந்து கேள்வி கேட்கிறார்கள். அக்காவின் கேள்வி இதுதான்: "அப்போ அந்த 53 நாளு சரியா தப்பான்னு யாரும் சொல்லலையா?"

பாஸ் வந்து அவருக்குப் பொறுமையாக விளக்கினார். நான் பக்கத்தில் நின்று தமிழில் சொன்னேன். இந்த முறை கவனமாக. "கோர்ட்டு தப்புன்னும் சொல்லல, சரின்னும் சொல்லல. தம்பி வந்துட்டதால அதப் பத்திப் பேச வேண்டியதில்லன்னு விட்டுட்டாங்க."

அக்கா கொஞ்ச நேரம் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார்: "வேலைக்கு என்ன காயிதம் கொடுப்பேன்?"

தொழிற்சாலையில் 53 நாள் வராதவனுக்கு இடம் வைத்திருக்கவில்லை. எங்கே போயிருந்தாய் என்று அடுத்த இடத்தில் கேட்பார்கள். குற்றமற்றவன் என்று சொல்ல ஒரு தீர்ப்பும் கிடையாது, ஏனென்றால் குற்றமே சாட்டப்படவில்லை. காவல் தவறு என்று சொல்லவும் தீர்ப்பு கிடையாது, ஏனென்றால் காவலே முடிந்துவிட்டது. நீதிமன்றத்தில் கிடைத்தது ஒரு பக்க உத்தரவு. அதில் தள்ளுபடி என்று இருந்தது. தெருவில் இருப்பவன் அதைப் படித்தால் இவர்கள் தோற்றுவிட்டார்கள் என்றுதான் நினைப்பான்.

அதற்கப்புறம் பல மாதம் இந்தச் சொல்லைத் துருவிக்கொண்டே இருந்தேன். நான் வக்கீல் இல்லை. ஆனால் எங்கள் ஆபீஸ் அலமாரியில் தீர்ப்புத் தொகுதிகள் இருந்தன, பாஸுக்கும் கேள்வி கேட்டால் பிடிக்கும்.

இந்த விதி வெறும் சோம்பலில் பிறந்ததில்லை என்று அவர் முதலில் எனக்குப் புரியவைத்தார். நம் நீதிமன்றங்கள் அடிக்கடி எடுத்துக்காட்டும் ஒரு வழக்கு, 1987-இல் இங்கிலாந்தில் அப்போது உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபையில் வந்தது. எயின்ஸ்பெரி எதிர் மில்லிங்டன். ஒரு ஜோடிக்கு இடையே நகராட்சி வீட்டை யார் வைத்துக்கொள்வது என்ற சண்டை. மேல்முறையீடு உச்சிக்குப் போய்ச் சேருவதற்குள் அந்த வீட்டின் வாடகை உரிமையே முடிந்துபோயிற்று. வீடே இல்லை, பிறகு யாருக்கு வீடு என்று எதற்குச் சொல்ல வேண்டும்? எதிரெதிரே நிற்கும் இருவரின் உண்மையான பிணக்கைத் தீர்ப்பதுதான் நீதிமன்றத்தின் வேலை, பிணக்கு இல்லாதபோது சட்டக் கேள்விக்கு விரிவுரை தருவது அல்ல என்று லார்ட் பிரிட்ஜ் சொன்னார்.

இதில் நியாயம் இருக்கிறது. எங்கள் கிராணி மேசையிலிருந்து பார்த்தாலே தெரியும், தேதி கிடைக்காமல் எத்தனை குடும்பம் காத்திருக்கிறது என்று. முடிந்துபோன சண்டைக்கு ஒரு நாள் கொடுத்தால் முடியாத சண்டைக்கு அந்த ஒரு நாள் இல்லை. அப்புறம், ஜெயித்தாலும் தோற்றாலும் ஒன்றும் ஆகாது என்றால் வாதாடுபவர்களுக்கும் வேகம் இருக்காது. அரைகுறை வாதத்தில் பிறக்கும் தீர்ப்பு பின்னால் வருகிறவர்களைப் பிடிக்கும்.

ஆனால் கதை அதோடு முடியவில்லை. 1999-இல் அதே பிரபுக்கள் சபை சலேம் என்ற அகதியின் வழக்கில் ஒரு கதவைத் திறந்து வைத்தது. அரசு சம்பந்தப்பட்ட வழக்கு என்றால், நடுவே பிணக்கு தீர்ந்துபோனாலும் விசாரிக்கலாம், அது நீதிமன்றத்தின் விருப்புரிமை. ஆனால் எச்சரிக்கையோடு பயன்படுத்த வேண்டும், பொதுநலன் சார்ந்த நல்ல காரணம் வேண்டும் என்றார் லார்ட் ஸ்லின். உதாரணமும் சொன்னார்: உண்மை விவரங்களைத் தோண்டத் தேவையில்லாத சட்டக் கேள்வியாக இருந்து, அதே மாதிரி வழக்குகள் பல வரிசையில் நிற்குமானால் விசாரிக்கலாம்.

இந்த வரிகளை நம் ஊர் வக்கீல்களும் நிறைய மேற்கோள் காட்டுகிறார்கள். சலேமுக்கு என்ன ஆயிற்று என்று யாரும் பெரிதாகப் பேசுவதில்லை. அவருடைய அகதி மனு நிராகரிப்பு என்று அரசாங்கக் கோப்பில் உள்ளுக்குள் ஒரு குறிப்பு எழுதப்பட்டது. அவருக்குச் சொல்லவில்லை. ஆனால் அந்தக் குறிப்பை வைத்து அவருடைய உதவித்தொகை நிறுத்தப்பட்டது. சொல்லாத முடிவு செல்லுமா என்பதுதான் கேள்வி. வழக்கு மேலே வருவதற்குள் அவருக்கு அகதி அந்தஸ்து கிடைத்துவிட்டது. ஆகவே அவருடைய கேள்விக்குப் பதில் சொல்லவில்லை. கதவைத் திறந்து வைத்தவர்கள் அவரை அதன் வழியாக உள்ளே விடவில்லை.

அந்தத் தீர்ப்பு வந்தது 1999 தொடக்கத்தில். அதே வருடம் நவம்பரில் அனுஃப்ரியேவா என்ற இன்னொரு அகதிப் பெண்ணின் கோப்பில் அதே மாதிரிக் குறிப்பு எழுதப்பட்டது. டிசம்பரில் உதவித்தொகை நின்றது. முடிவை அவருக்குச் சொன்னது அடுத்த ஏப்ரலில். அவர் வழக்குப் போட்டு அது பிரபுக்கள் சபைக்குப் போய், 2003-இல்தான் பதில் கிடைத்தது: ஒருவருக்குச் சொல்லாத முடிவு அவரைக் கட்டுப்படுத்தாது. சலேமின் வழக்கிலேயே இதைச் சொல்லியிருந்தால் இந்தப் பெண்ணுக்கு அந்தக் குளிர்காலம் நேர்ந்திருக்காது. இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. ஒரு வழக்கைத் தள்ளுபடி செய்யும்போது அந்தக் கேள்வி எங்கும் போய்விடுவதில்லை. அது அடுத்த வீட்டுக்குப் போய்ச் சேருகிறது.

நம் நாட்டிலேயே, நம் பெண்களின் வாழ்க்கையிலேயே, இதே மாதிரி ஒன்று நடந்தது. ஷாமளா வழக்கு பலருக்கு நினைவிருக்கும். கணவர் மதம் மாறி, 2002-இல் இரண்டு குழந்தைகளையும் தாயின் சம்மதம் இல்லாமல் மதம் மாற்றினார். பெற்றோரில் ஒருவர் மட்டும் அப்படிச் செய்யலாமா என்ற கேள்வி நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் வரை போனது. 2010 நவம்பரில் நீதிமன்றம் அதற்குப் பதில் சொல்ல மறுத்தது. அங்கே காரணம் அகாடமிக் அல்ல, அதைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும்: அவர் குழந்தைகளோடு நாட்டை விட்டுப் போய்விட்டதால் நீதிமன்ற அவமதிப்பில் இருக்கிறார், அதனால் அவர் கேட்பதை விசாரிக்க முடியாது என்றார்கள். வழி வேறு, ஆனால் போய்ச் சேர்ந்த இடம் ஒன்றுதான். கேள்வி அப்படியே நின்றது.

அது தீர்ப்பாகாமல் கிடந்த அந்தக் காலத்திலேயே, 2009-இல், ஈப்போவில் இந்திரா காந்தி என்ற பாலர்பள்ளி ஆசிரியையின் மூன்று குழந்தைகளை அவருடைய கணவர் மதம் மாற்றியிருந்தார். அந்தத் தாய் உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார், மேல்முறையீட்டில் தோற்றார். கடைசியில் 2018 ஜனவரி 29 அன்று கூட்டரசு நீதிமன்றம் சொன்னது, தாய் தந்தை இருவரின் சம்மதமும் வேண்டும் என்று. 2010-இலேயே அது சொல்லப்பட்டிருந்தால் அந்தத் தாய் எத்தனை படிகள் ஏறாமல் இருந்திருப்பார்! ஏற எட்டு வருடம் ஆயிற்று. அதற்குள் கைக்குழந்தையாகப் போன மகள் சிறுமியாகிவிட்டாள்.

எல்லா நேரமும் நம் நீதிமன்றம் பதில் சொல்லாமல் விட்டது என்று சொன்னால் அது நியாயமில்லை. 2001 ஏப்ரலில் இசா என்ற உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் பலர் பிடிக்கப்பட்டார்கள். அதில் இருவர், என். கோபாலகிருஷ்ணனும் அப்துல் கனி ஹாரூனும், போலீஸ் காவலில் இருக்கும்போதே அவர்கள் மனு ஷா ஆலாம் உயர் நீதிமன்றத்தில் விசாரணைக்கு வந்தது. நீதிபதி ஹிஷாமுதீன் அவர்களை விடுவித்தார். வெளியே வந்ததும் திரும்பப் பிடித்துவிடக் கூடாது என்று 24 மணி நேரத் தடையும் போட்டார். மற்றவர்களின் மேல்முறையீடு கூட்டரசு நீதிமன்றத்துக்கு வந்தபோது அந்த முதல் கட்டப் போலீஸ் காவல் முடிந்து, அவர்களில் பெரும்பாலோர் அமைச்சரின் உத்தரவில் கமுந்திங் தடுப்பு முகாமில் இருந்தார்கள். அரசுத் தரப்பு சொன்னது, முதல் காவல் முடிந்துபோன கதை, அகாடமிக். 2002 செப்டம்பரில் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. விசாரித்தது. முதல் காவல் சட்டவிரோதம் என்று சொன்னது. அவர்களை விடுதலை செய்யவில்லை, ஏனென்றால் அமைச்சரின் உத்தரவு தனி. முகாமிலேயே இருந்தார்கள்.

அக்காவின் வழக்குக்குப் பிறகு இதைப் படித்தபோது, விடுதலை தராத தீர்ப்பு என்ன தீர்ப்பு என்றுதான் முதலில் தோன்றியது. இப்போது அப்படித் தோன்றவில்லை. அந்த 2002 தீர்ப்பைப் பிடித்துக்கொண்டு அதற்கப்புறம் எத்தனை வக்கீல்கள் எத்தனை பேருக்காக வாதாடியிருக்கிறார்கள்! எங்கள் ஆபீஸ் ஃபைல்களிலேயே பார்த்திருக்கிறேன். காவல் தவறு என்று எழுத்தில் ஒரு பக்கம் இருந்தால் அது வேலை செய்யும்.

அமெரிக்காவில் இதற்கு ஒரு நல்ல விதி வைத்திருக்கிறார்கள், 1911-லேயே. மறுபடி நடக்கக்கூடியது, ஆனால் நீதிமன்றத்தின் கைக்கு அகப்படாமல் நழுவிவிடுவது என்றால் அந்த வழக்கைத் தள்ள வேண்டியதில்லை. கருக்கலைப்பு உரிமை கேட்ட கருவுற்ற பெண்ணின் வழக்கில் 1973-இல் இதைத்தான் சொன்னார்கள்: கர்ப்பகாலம் எந்த மேல்முறையீட்டையும்விடக் குறுகியது, பிரசவம் ஆகிவிட்டது என்று ஒவ்வொரு முறையும் தள்ளினால் ஒரு பெண்ணுக்கும் பதில் கிடைக்காது. அந்தத் தீர்ப்பின் சாரம் 2022-இல் மாற்றப்பட்டுவிட்டது. வழக்கை உயிரோடு வைக்கும் இந்த விதி இன்னும் நிற்கிறது.

21-உம் 38-உம் கூட்டினால் 59. நம் நாட்டில் ஆட்கொணர்வு மனுவின் மேல்முறையீடு உயர் நீதிமன்றத்திலிருந்து நேரே புத்ராஜெயாவின் கூட்டரசு நீதிமன்றத்துக்குப் போகும். அப்படிச் சுருக்கு வழி வைத்தும் 59 நாளுக்குள் மனு போட்டு, பதில் வாங்கி, வாதாடி, தோற்று, மேலே போய் முடிப்பது நடக்கிற காரியமா? போக்காவின் முதல் இரண்டு கட்டக் காவலும் நீதிமன்றத்தின் கையிலிருந்து நழுவும் காலக்கணக்கிலேயே இருக்கிறது. அதோடு ஒன்று: எப்போது விடுவிப்பது என்பது தடுத்துவைத்தவரின் கையில் இருக்கிறது. விசாரணைக்கு இரண்டு நாள் முன்னால் கதவைத் திறந்தால் போதும், 53 நாளைப் பற்றிய கேள்வி மூடிக்கொள்ளும். வேண்டுமென்றே அப்படிச் செய்தார்கள் என்று நான் சொல்லவில்லை. எனக்குத் தெரியாததை எழுத மாட்டேன். ஆனால் அப்படிச் செய்ய முடிகிற இடத்தை விட்டு வைத்திருக்கிறோம்.

கூட்டரசு அரசியலமைப்பின் ஐந்தாவது பிரிவை நான் மனப்பாடமாக வைத்திருக்கிறேன். ஒருவர் சட்டவிரோதமாகத் தடுத்துவைக்கப்பட்டிருக்கிறார் என்று புகார் வந்தால் நீதிமன்றம் அதை விசாரிக்க வேண்டும். காவல் சட்டப்படியானது என்று திருப்தி இல்லாவிட்டால் அவரைக் கொண்டுவரச் சொல்லி விடுவிக்க வேண்டும். வரிசையைப் பாருங்கள். விசாரிப்பது முதலில் வருகிறது. விடுவிப்பது அப்புறம். விடுதலையை வேறு யாரோ செய்துவிட்டார்கள் என்பதால் விசாரணைக் கடமை எப்படி மறைகிறது? இதற்குச் சட்டம் படித்தவர்களிடம் பதில் இருக்கும். எனக்கு அந்தப் பதில் இதுவரை மனசில் ஒட்டவில்லை.

காவல் வழக்கில் மட்டுமல்ல. 2017-இல் தலைமை நீதிபதியும் மேல்முறையீட்டு நீதிமன்றத் தலைவரும் ஓய்வு வயதைத் தாண்டிப் பதவியில் நீடிக்க நியமிக்கப்பட்டதை மலேசிய வழக்கறிஞர் மன்றம் எதிர்த்தது. 2018 ஜூலை கடைசியில் இருவரும் விலகினார்கள். கேள்விகள் அகாடமிக் ஆகிவிட்டன என்று கூட்டரசு நீதிமன்றத்தின் பெரும்பான்மை நீதிபதிகள் விட்டுவிட்டார்கள். வக்கீல்கள் கூடிப் போட்ட வழக்குக்கே அதுதான் முடிவு.

தோற்பதும் இதுவும் ஒன்றல்ல என்பதையும் சொல்ல வேண்டும். கம்போங் புவா பாலாவை நம் தீவில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். மாடுகளும் மரங்களுமாக இருந்த நம் ஜனங்களின் கிராமம், 2009-இல் இடிக்கப்பட்டது. அவர்கள் கூட்டரசு நீதிமன்றம் வரை போய்த் தோற்றார்கள். அது வலித்தது, இன்றும் வலிக்கிறது. ஆனாலும் அவர்களுக்கு ஒரு பதில் கிடைத்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு திட்டலாம், சட்டத்தை மாற்றச் சொல்லிக் கேட்கலாம். அக்காவிடம் திட்டுவதற்குக்கூட ஒன்றும் இல்லை.

எங்கள் ஆபீஸுக்கு வருகிறவர்களிடம் இப்போது நான் முதல் நாளே சில விஷயம் சொல்லிவிடுகிறேன். அரசாங்க முடிவை எதிர்த்து நீதித்துறை மறுஆய்வு கேட்க மூன்று மாதம்தான் இருக்கிறது, முடிவு கைக்கு வந்த தேதியை எழுதி வையுங்கள். வழக்கு நடத்த அனுமதி கிடைத்துவிட்டது என்றால் எல்லாம் நின்றுவிட்டது என்று அர்த்தமில்லை; இடைக்காலத் தடையைத் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். தடை இல்லாமல் வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே வீட்டை இடிக்கலாம், ஆளை அனுப்பிவிடலாம், அப்புறம் அகாடமிக். இயன்றால் இழப்பீடும் கேளுங்கள். இது முக்கியம். காசு கேட்பது பேராசை என்று நம் ஆட்கள் கூச்சப்படுகிறார்கள். ஆனால் நஷ்டஈடு கேட்ட வழக்கு அவ்வளவு சுலபத்தில் சாகாது, ஏனென்றால் சம்பவம் முடிந்தாலும் கடன் முடியாது. 1998-இல் இசாவில் பிடிக்கப்பட்ட அப்துல் மாலிக் ஹுசின் அப்படித்தான் வழக்குப் போட்டார். 2007-இல் உயர் நீதிமன்றம் அவருக்கு 25 லட்சம் ரிங்கிட் தரச் சொன்னது. 2010-இல் மேல்முறையீட்டில் அது புரட்டப்பட்டது. கடைசியில் தோற்றார்தான். ஆனால் அவர் காவலைப் பற்றி இரண்டு நீதிமன்றங்கள் உட்கார்ந்து பேசின.

அக்காவிடமும் பாஸ் அன்றே சொன்னார், சிவில் வழக்குப் போடலாம், 36 மாதம் இருக்கிறது என்று. மகன் வேண்டாம் என்றுவிட்டான். "அந்தப் பேரையே மறுபடி எடுக்காதீங்கம்மா," என்றானாம். அவனுக்கு அந்த லோக்காப்புக்குத் திரும்பப் போகிற மாதிரி இருந்திருக்கிறது. மூன்று வருடம் வரைக்கும் நான் அந்த ஃபைலை மேல் தட்டில் வைத்திருந்தேன். 36-ஆவது மாதம் முடிந்த அன்று எடுத்துக் கட்டி உள்ளே வைத்தேன். அதை மூடியது போல எந்த ஃபைலையும் மூடக் கை தயங்கியதில்லை.

அவன் இப்போது லோரி ஓட்டுகிறான், கல்யாணம் ஆகிவிட்டது. நன்றாக இருக்கிறான் என்று அக்கா சொல்கிறார். அந்த ஒரு பக்க உத்தரவை மட்டும் பிளாஸ்டிக் உறையில் போட்டு, பிறப்புப் பத்திரங்களோடு வைத்திருக்கிறார். எதற்கு என்று நான் கேட்டதில்லை.

போன தீபாவளிக்கு முன்னால் அக்கா ஆபீஸுக்கு வந்தார். முறுக்கு டப்பா ஒரு கையில். இன்னொரு கையில், அவரைவிடச் சின்ன வயதுப் பெண் ஒருத்தியைப் பிடித்து இழுக்காத குறையாகக் கூட்டி வந்திருந்தார். "எங்க ப்ளோக்குதான். இவ பையன கொண்டு போயிட்டாங்க. அங்க இங்க அலையாத, நேரா இங்க வான்னு கூட்டிட்டு வந்தேன்." அந்தப் பெண் பேச முடியாமல் நின்றாள். அக்கா அவளை நாற்காலியில் உட்காரவைத்து, தண்ணீர் வாங்கிக் கொடுத்து, என்னைப் பார்த்து, "எத்தனாவது நாளுன்னு கேளும்மா," என்றார்.

பிடித்த தேதியைக் கேட்டேன். போன வாரம் செவ்வாய்க்கிழமை இரவு என்றாள். மேசைக் காலண்டரை எடுத்துப் பேனாவால் கட்டம் கட்டமாகத் தொட்டு எண்ணினேன். பத்தாவது நாள்.